திரைப்படமா, தொடரா: இசையமைக்க வருபவர் முதல் சில வருடங்களை எங்கே செலவிடலாம்?

இசையமைப்பாளர் ஆக வேண்டும் என்று கிளம்புகிறவர்களில் பெரும்பாலோர் மனதில் இருப்பது சினிமாதான். தொடர் என்பது சினிமா வாய்ப்பு வரும்வரை காலத்தை ஓட்டும் இடம், விளம்பரம் கைச்செலவுக்கு, பெரிய இசையமைப்பாளரிடம் உதவியாளராகச் சேர்வது வேறு வழியே இல்லாதபோது. இப்படி ஒரு வரிசை கேட்காமலேயே தலையில் வந்து உட்கார்ந்துவிடுகிறது. இந்த வரிசையை வைத்து முடிவெடுக்கக் கூடாது என்பது என் உறுதியான எண்ணம். பெயர் எதில் அதிகம் என்பது பத்து வருடம் கழித்துப் பார்த்துக்கொள்ள வேண்டிய விஷயம். ஆரம்பத்தில் கேட்க வேண்டிய கேள்வி வேறு: எந்த வேலையில் என் இசை அதிக நிமிடங்கள் படத்தோடு சேர்ந்து முடிவடையும், அதை இன்னொருவர் பார்த்து ‘சரி’ என்றோ ‘வேண்டாம்’ என்றோ சொல்வார்?

மெட்டுப் போடத் தெரிவது ஒன்று, காட்சிக்கு இசை போடத் தெரிவது இன்னொன்று. முதலாவதை அறைக்குள் உட்கார்ந்து எத்தனை வருடம் வேண்டுமானாலும் பழகலாம். இசை எந்த நொடியில் உள்ளே வர வேண்டும், வசனத்துக்கு அடியில் எவ்வளவு ஒதுங்க வேண்டும், எந்த இடத்தில் எதுவுமே வேண்டாம் என்பதெல்லாம் செய்து, மறுக்கப்பட்டு, மறுபடி செய்துதான் கைக்கு வரும். அந்தச் சுற்று எங்கே வேகமாக நடக்கிறதோ, அங்கேதான் ஆரம்பிக்க வேண்டும்.

இந்த வேலை எப்படிப்பட்டது என்று ஒரு காட்சியை எடுத்துப் பார்த்துவிடலாம். ஒரு பெண் கடிதம் படிக்கிறாள். சரியாக 13.5 வினாடியில் கதவு சாத்தப்படுகிறது. இசையின் ஒரு அழுத்தம் அந்தக் கதவோடு விழ வேண்டும். நிமிடத்துக்கு 80 தட்டு என்று டெம்போ வைத்தால் ஒரு தட்டு 0.75 வினாடி. ஆக, கதவுக்கு முன்னால் 18 தட்டு. நாலு தட்டு கொண்ட தாளப் பகுதியைப் ‘பார்’ என்பார்கள், அப்படி நாலு பார் போட்டால் 16 ஆச்சு, மிச்சம் இரண்டு. ஐந்தாவது பாரை இரண்டு தட்டோடு நிறுத்தினால் ஆறாவது பாரின் முதல் தட்டும் கதவும் ஒன்றாக விழும். கேட்பவருக்கு இந்த வெட்டு தெரியாது, மூச்சு கொஞ்சம் சுருங்கினது போல மட்டும் இருக்கும்.

மறுநாள் எடிட்டர் கதவுக்கு முன்னால் 20 பிரேம் எடுத்துவிட்டதாகச் சொல்கிறார். வினாடிக்கு 24 பிரேம் ஓடும் படத்தில் நம்முடைய ஒரு தட்டு 18 பிரேம். ஒரு தட்டும் கூட இரண்டு பிரேமும் போய்விட்டது. 18 தட்டை 17 ஆக்கி, டெம்போவை 80.5க்கு ஏற்றினால் கதவு மறுபடி பிடிபடும். ஆனால் எந்தத் தட்டை எடுப்பது? மெட்டின் நடுவில் எடுத்தால் வாக்கியம் உடையும், முடிவில் எடுத்தால் அவசரம் தெரியும். கணக்கு இரண்டு நிமிட வேலை, எதை எடுப்பது என்று முடிவு செய்வதுதான் தொழில். இப்படி நூறு கதவு பார்த்தவரும் ஐந்து கதவு பார்த்தவரும் ஒன்றல்ல.

இப்போது நிமிடக் கணக்குக்கு வருவோம். ஒரு முழுநீளப் படத்தில் பின்னணி இசை ஒரு மணி நேரத்துக்கு முன்பின்னாக இருக்கலாம், அதை எழுதி முடிக்க ஓரிரு மாதம் முதல் மூன்று மாதம் வரை கிடைக்கலாம். வாரம் ஒன்றாக ஒளிபரப்பாகும் ஒரு மணி நேரத் தொடரில் ஒரு எபிசோடுக்கு 20 முதல் 30 நிமிடம் இசை தேவைப்படும், அதற்குக் கையில் இருப்பது ஏறக்குறைய ஒரு வாரம். பத்து எபிசோடு கொண்ட ஒரு சீசன் முடியும்போது 200 நிமிடத்துக்கு மேல் எழுதி, மிக்ஸிங் முடித்து, ஒளிபரப்பிலும் கேட்டிருப்பீர்கள். புதியவருக்கு வருடத்துக்கு ஒரு படம் கிடைத்தாலே பெரிய விஷயம். அப்படியானால் தொடரில் ஒரு சீசன் என்பது படக் கணக்கில் மூன்று வருடம்.

இதில் ஒரு நிபந்தனை உண்டு. தினமும் ஒளிபரப்பாகும் நெடுந்தொடர் இந்தக் கணக்கில் சேராது. அங்கே பெரும்பாலும் டைட்டில் பாட்டு ஒன்றும், சோகம், சதி, காதல், பதற்றம் என்று மனநிலைவாரியாக ஒரு தொகுப்பும் செய்து கொடுத்தால் போதும். அப்புறம் எடிட் அறையில் இருப்பவரே தேவையான இடத்தில் எடுத்து ஒட்டிக்கொள்வார். வருமானத்துக்கு நல்ல வேலை, டைட்டில் பாட்டு வீடு வீடாகப் போய்ச் சேரும். ஆனால் நீங்கள் காட்சியையே பார்க்காமல் இசை எழுதிக்கொண்டிருப்பீர்கள். மேலே சொன்ன கதவுக் கணக்கு அங்கே வராது. தொடர் வாய்ப்பு என்று யாராவது சொன்னால் முதலில் கேட்க வேண்டியது இதைத்தான்: எபிசோடைப் பார்த்து எழுதுகிறேனா, தொகுப்பு கொடுக்கிறேனா?

வேகத்துக்கு ஒரு விலை உண்டு, அதையும் மறைக்கக் கூடாது. வாரம் 25 நிமிடம் எழுதுகிறவர் ஒவ்வொரு காட்சிக்கும் புதிதாக யோசிக்க முடியாது. முதல் இரண்டு மூன்று எபிசோடுகளில் பாத்திரங்களுக்கான மெட்டுகளையும் வாத்தியங்களையும் முடிவு செய்துவிட்டு, அப்புறம் அவற்றையே மாற்றி மாற்றிப் பயன்படுத்துவார். தந்தியை மட்டும் தனியாக, தாளத்தை மட்டும் தனியாக என்று ஸ்டெம் பிரித்து வைத்திருந்தால் பழைய கியூவிலிருந்து, அதாவது ஒரு காட்சிக்கு எழுதிய இசைத் துண்டிலிருந்து, புதிய கியூ ஒன்றை மதியத்துக்குள் எடுத்துவிடலாம். இது சோம்பேறித்தனம் இல்லை. ஒரே மெட்டு எட்டாவது எபிசோடில் வேறு அர்த்தத்தோடு திரும்பி வருவது தொடருக்கே உரிய பலம், இரண்டரை மணி நேரப் படத்தில் அதற்கு அவ்வளவு இடம் கிடைக்காது. ஆனாலும் ஐந்தாறு வருடம் இப்படியே ஓடினால் கை பழகின இடத்துக்கே போகும். கீபோர்டில் உட்கார்ந்ததும் அதே ஸ்வரக் கூட்டு வருகிறது என்று உணர்ந்தால் வெளியே வர வேண்டிய நேரம் வந்துவிட்டது.

சினிமாவின் விலை வேறு மாதிரி. அங்கே நேரம் இருக்கிறது, நேரம் இருப்பதாலேயே எல்லோரும் மனதை மாற்றிக்கொள்ளவும் முடிகிறது. எடிட்டின்போது தற்காலிகமாக ஒட்டிய டெம்ப் இசையை இயக்குநர் நூறு தடவை கேட்டுப் பழகியிருப்பார், நீங்கள் எது கொடுத்தாலும் அதுபோல இல்லை என்று தோன்றும். ஸ்டான்லி குப்ரிக்கின் 1968ஆம் ஆண்டு விண்வெளிப் படத்துக்கு அலெக்ஸ் நார்த் இசையமைத்து, ஒலிப்பதிவும் நடந்தது. கடைசியில் குப்ரிக், எடிட்டில் வைத்திருந்த பழைய செவ்வியல் இசையையே வைத்துக்கொண்டார். தன் இசை படத்தில் இல்லை என்பது நார்த்துக்குத் திரையிடலில்தான் தெரிந்தது. 2004இல் வந்த ‘ட்ராய்’ படத்துக்கு கேப்ரியல் யாரெட் செய்த இசையும் சோதனைத் திரையிடலுக்குப் பிறகு நீக்கப்பட்டு, ஜேம்ஸ் ஹார்னர் சில வாரங்களில் புதிதாக எழுதிக் கொடுத்தார். இவர்களெல்லாம் ஏற்கெனவே பெயர் பெற்றவர்கள், அடுத்த படத்துக்குப் போய்விட்டார்கள். முதல் படத்திலேயே இப்படி நடந்தால் ஒரு புதியவர் எழுந்து நிற்க வருடக்கணக்கில் ஆகும். தொடரில் இசையை மாற்ற யாருக்கும் நேரம் இருக்காது. ஒரு கியூ பிடிக்கவில்லை என்றால் சத்தத்தைக் குறைத்துவிட்டு ஒளிபரப்புவார்கள், அடுத்த வாரம் நீங்கள் சரி செய்துகொள்ளலாம்.

யாருக்குப் பதில் சொல்கிறோம் என்பதும் இரண்டிலும் ஒன்றல்ல. படத்தில் இயக்குநர் ஒருவர்தான் காது. வாரத் தொடரில் இயக்குநர் எபிசோடுக்கு எபிசோடு மாறலாம், நிலையாக இருப்பவர் தொடரை எழுதி உருவாக்கி நடத்துகிறவர். அவரோடு உறவு அமைந்தால் அவர் எங்கே போனாலும் அழைப்பு வரும். மைக்கேல் ஜியாக்கினோ வீடியோ கேம்களுக்கு இசையமைத்துக்கொண்டிருந்தவர். அந்த இசையைக் கேட்டுத்தான் ஜே. ஜே. ஆப்ராம்ஸ் 2001இல் தன் தொலைக்காட்சித் தொடருக்கு அவரைக் கூப்பிட்டார். 2004இல் இன்னொரு தொடர், அப்புறம் ஆப்ராம்ஸ் சினிமா இயக்கப் போனபோது ஜியாக்கினோவும் கூடவே போனார். 2009ஆம் ஆண்டு அனிமேஷன் படம் ஒன்றுக்கு ஆஸ்கார் வாங்கியபோது அவர் கைப்பழக்கத்தின் அடித்தளம் தொடரிலும் கேமிலும் வந்தது.

சரி, தொடரில் நேரடியாக நாற்காலி யார் தருவார்? பெரும்பாலும் தர மாட்டார்கள். இங்கேதான் உதவியாளர் வேலை உள்ளே வருகிறது, இதைத் தனியாக ஒரு வாய்ப்பாக வைத்துப் பார்க்க வேண்டும். பெரிய இசையமைப்பாளரின் அறையில் கணினியில் இசையைக் கோக்கும் புரோகிராமராகவோ, வாத்தியங்களுக்குப் பிரித்து எழுதும் அரேஞ்சராகவோ சேர்ந்தால் முதல் நாளே இசை எழுதச் சொல்ல மாட்டார்கள். வாசிப்பவர்கள் காதில் தாளத்தைத் தட்டிக்கொண்டே இருக்கும் கிளிக் டிராக் தயார் செய்வது, வாசிப்பவர்களுக்கு நோட்ஸ் அச்சிடுவது, எடிட்டரிடமிருந்து வந்த புதிய வெட்டுக்கு எல்லாக் கோப்பையும் நகர்த்துவது, ஸ்டெம் பெயர் தப்பில்லாமல் அனுப்புவது, இப்படிப் போகும். ஒரு கோப்பின் பெயர் தப்பானால் மிக்ஸிங் அறையில் பத்துப் பேர் காத்திருப்பார்கள் என்பது அங்கே இருந்தால்தான் தெரியும். அதைவிடப் பெரிய லாபம், இயக்குநர் ‘இன்னும் கொஞ்சம் சூடு வேண்டும்’ என்று சொல்லும்போது அனுபவசாலி ஒருவர் அதை எப்படிப் புரிந்துகொண்டு எந்த வாத்தியத்தை நீக்குகிறார் என்பதைப் பக்கத்திலிருந்து பார்ப்பது. இதைச் சொல்லித் தரும் வகுப்பு எதையும் நான் பார்த்ததில்லை. இளையராஜா 1976இல் தனியாக வருவதற்கு முன்னால் ஜி. கே. வெங்கடேஷிடம் நிறையப் படங்களில் உதவியாளராக இருந்தவர் என்பது நமக்கெல்லாம் தெரிந்ததே.

உதவியாளர் வேலையில் ஆபத்து இரண்டு. நீங்கள் எழுதிய கியூ இன்னொருவர் பெயரில் போகும், அதற்கு உரிமைத்தொகையும் பெயரும் வருமா என்பது அந்த இசையமைப்பாளரின் மனதைப் பொறுத்தது. நேர்மையானவர்கள் ‘கூடுதல் இசை’ என்று டைட்டிலில் பெயர் போட்டு, எந்த இசை யாருடையது என்று பதிவாகும் கியூ ஷீட்டிலும் பங்கு எழுதுவார்கள். அப்படிச் செய்யாத இடத்தில் ஒரு சில வருடங்களுக்கு மேல் இருப்பது எனக்குச் சரியாகப் படவில்லை. இன்னொன்று, பழகிய சௌகரியம். மாதச் சம்பளம் வருகிறது, பெரிய படங்கள் கையில் ஓடுகின்றன, ஆனால் உங்களைத் தேடி ஒரு இயக்குநரும் வருவதில்லை. அந்த அறையை விட்டு வெளியே வந்தால் உங்கள் தொலைபேசியில் யார் எண் இருக்கும் என்று அவ்வப்போது யோசித்துப் பார்க்க வேண்டும்.

விளம்பரப் பாதையை நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஏ. ஆர். ரஹ்மான் 1992இல் சினிமாவுக்கு வரும்முன் ஜிங்கிள்களில் ஊறியவர், அந்த ஒலிச் சுத்தம் முதல் படத்திலேயே கேட்டது. முப்பது வினாடியில் ஒலித்தரத்தையும் காதில் ஒட்டும் வரியையும் கற்றுக்கொள்ள அதைவிட நல்ல இடம் இல்லை. ஆனால் ஒரு கதையை இரண்டு மணி நேரம் தாங்கிப் பிடிப்பதை அது சொல்லித் தராது. முன்கூட்டியே இசை செய்து நூலகத்தில் போட்டு வைக்கும் லைப்ரரி மியூசிக்கும் அப்படித்தான். தனிமையில் வேலை செய்ய விரும்புகிறவருக்குப் பக்க வருமானமாக இருக்கலாம், ஆளையோ காட்சியையோ அறிமுகப்படுத்தாது.

பணத்தைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும், இதில்தான் புதியவர்கள் அதிகம் இழக்கிறார்கள்.

படமானாலும் தொடரானாலும் ஆரம்பக் கட்டத்தில் பெரும்பாலும் பேக்கேஜாகத்தான் பேசுவார்கள். மொத்தமாக ஒரு தொகை, அதில் வாசிப்பவர்கள், ஸ்டூடியோ, மிக்ஸிங் எல்லாம் போக மிச்சம் உங்களுக்கு. படத்தில் நான்கு முறை எடிட் மாறி, இரண்டு முறை மறுபதிவு செய்தால் மிச்சம் என்று ஒன்றும் இருக்காது. தொடரில் எபிசோடுக்கு இவ்வளவு என்று பேசுவதால் செலவைக் கணிக்க முடியும், மூன்றாவது எபிசோடிலேயே எங்கே கை சுடுகிறது என்று தெரிந்துவிடும்.

இதைவிட முக்கியமானது பிறகு வரும் உரிமைத்தொகை. ஒளிபரப்பாகும் ஒவ்வொரு முறையும் இசைக்கான தொகை சேர்ந்து, கியூ ஷீட்டில் உள்ளபடி பிரிந்து வருவது உலகத்தில் பல நாடுகளில் உள்ள முறை. கியூ ஷீட் என்பது எந்த இசை எத்தனை வினாடி, முன்னணியிலா பின்னணியிலா, யார் எழுதியது என்று பதிவு செய்யும் சாதாரணப் பட்டியல்தான். அது தப்பாக இருந்தால் பணம் வராது, அல்லது வேறொருவருக்குப் போகும். பல இடங்களில் மறுஒளிபரப்பாகும் ஒரு தொடரின் டைட்டில் இசை, எழுதியவருக்குப் பல வருடம் சோறு போடும். சினிமாவில் இது நாட்டுக்கு நாடு மாறும். அமெரிக்காவில் திரையரங்குகள் படத்தில் உள்ள இசைக்காக உரிமைத்தொகை கட்டுவதில்லை, ஐரோப்பிய நாடுகள் பலவற்றில் கட்டுகின்றன. இந்தியாவில் 2012ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத் திருத்தத்தின்படி, திரையரங்கில் படத்தோடு சேர்த்துக் காட்டுவதைத் தவிர மற்றப் பயன்பாடுகளில் வரும் உரிமைத்தொகையில் இசையமைப்பாளருக்குச் சம பங்கு உண்டு, ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டும் அதை விட்டுக்கொடுக்க முடியாது. ஆக, படம் ஓடி முடிந்த பிறகு தொலைக்காட்சியிலும் ஓடிடியிலும் அது போகும் பாதைதான் இசையமைப்பாளருக்கு நீண்டகால வருமானம். இதற்கு உரிமைத்தொகை சங்கத்தில் உறுப்பினராகி, படைப்புகளைப் பதிவு செய்திருக்க வேண்டும். முதல் வேலைக்கு முன்னாலேயே இதைச் செய்துவிடுவது நல்லது.

மொத்தமாக வாங்கிக்கொண்டு பின்னால் எதுவும் கிடையாது என்று சொல்லும் ஒப்பந்தங்கள் ஓடிடி வந்த பிறகு பல நாடுகளில் சர்ச்சையாகியிருக்கின்றன. உரிமைத்தொகையை விட்டுக்கொடுத்தால் முன்பணம் இரட்டிப்பு என்று ஒருவர் சொல்லும்போது, அந்தத் தொடர் பத்து நாடுகளில் பத்து வருடம் ஓடினால் யாருக்கு லாபம் என்று யோசித்துவிட்டுப் பதில் சொல்லுங்கள்.

கேட்கும் இடமும் எழுத்தை மாற்றும், அதை ஒரு வார்த்தையில் சொல்லிவிடுகிறேன். திரையரங்கில் பேஸ் எனும் ஆழமான கீழ்ஸ்தாயி ஒலி வயிற்றில் வந்து முட்டும், மெல்லிய ஒரு வீணை நரம்பும் கேட்கும். தொலைக்காட்சியிலும் கைபேசியிலும் பேஸ் காணாமல் போய்விடும், நடு ஸ்தாயியில் உள்ளதுதான் மிஞ்சும். ஒளிபரப்புக்கு மொத்தச் சத்தத்தின் அளவே கட்டுப்படுத்தப்பட்டது, ஐரோப்பிய தரத்தில் மைனஸ் 23 லஃப்ஸ் (சத்தத்தை அளக்கும் அலகு). சத்தத்தைக் கூட்டிக் கவனம் இழுக்கிற வழி அங்கே இல்லை. இதனால் தொடரில் பழகியவர்கள் மெட்டில் தெளிவாக இருப்பார்கள், சினிமாவில் மட்டும் பழகியவர்களுக்கு ஒலியின் விரிவின் மீது பிடிப்பு அதிகம்.

இதையெல்லாம் வைத்துப் பார்த்தால் என் தேர்வு இதுதான். முதல் ஓரிரு வருடம், பெயரைப் பகிர்ந்துகொள்ளும் ஒரு இசையமைப்பாளரிடம் உதவியாளர் வேலை, அதுவும் அவர் தொடர் செய்கிறவராக இருந்தால் மேல். அப்புறம் நான்கைந்து வருடம் சொந்தமாகவோ பங்காகவோ வாரத் தொடர். இந்தக் காலம் முழுவதும் உங்கள் வயதை ஒத்த ஒரு இயக்குநரை விடாதீர்கள். அவர் எடுக்கும் குறும்படங்களுக்குக் காசு வாங்காமல்கூட இசையமைத்துக் கொடுங்கள், ஆனால் ஒருவருக்கு மட்டும், அவருடைய ரசனை உண்மையாகவே உங்களுக்குப் பிடித்திருந்தால் மட்டும். லுட்விக் கோரன்சன் நடந்த பாதை ஏறக்குறைய இதுவே. இசையமைப்பாளர் தியடோர் ஷப்பீரோவிடம் உதவியாளராக இருந்தார், 2009 முதல் ஒரு நகைச்சுவைத் தொடருக்கு இசையமைத்தார், கூடவே கல்லூரியில் அறிமுகமான ரயன் கூக்ளரோடு தொடர்ந்து வேலை செய்தார். கூக்ளரின் முதல் முழுநீளப் படம் 2013இல் வந்தபோது இசை கோரன்சன். 2019இல் அவர் வாங்கிய ஆஸ்காரும் கூக்ளர் படத்துக்குத்தான்.

இந்தத் தேர்வு பொருந்தாதவர்களும் உண்டு. சிலர் மெதுவாக எழுதுகிறவர்கள். ஒரு ஒலியைக் கண்டுபிடிக்க மூன்று வாரம் எடுத்துக்கொள்வார்கள், அந்த ஒலி வந்தபின் படமே அதைச் சுற்றி நிற்கும். ஹில்டுர் குட்னடோட்டிர் 2019இல் வந்த ‘செர்னோபில்’ குறுந்தொடருக்காக லித்துவேனியாவில் மூடப்பட்ட அணுமின் நிலையத்துக்குள் போய் ஒலிகளைப் பதிவு செய்து, அவற்றிலிருந்தே இசையை உருவாக்கினார். வாரம் ஒரு எபிசோடு என்று ஓடும் நெருக்கடியில் இது நடக்காது. இப்படிப்பட்டவர் வாரத் தொடருக்குள் போனால் தன் பலத்தையே இழந்துவிடுவார். அவருக்குச் சிறிய படங்களும், முழுவதும் எடுத்து முடித்தபின் இசைக்கு வரும் ஐந்தாறு எபிசோடு குறுந்தொடர்களும்தான் சரியான இடம். வருமானத்துக்கு வாசிப்பதோ கற்பிப்பதோ ஏதாவது ஒன்றை வைத்துக்கொண்டு, வருடத்துக்கு ஒரு வேலை போதும் என்று காத்திருக்கலாம்.

நீங்கள் எந்த ரகம் என்று தெரியாவிட்டால் சோதித்துப் பார்க்க வழி இருக்கிறது. இசை இல்லாத 20 நிமிடக் குறும்படம் ஒன்றை மாணவ இயக்குநர் யாரிடமாவது கேட்டு வாங்குங்கள். ஒரு வாரத்துக்குள் முழுவதற்கும் இசையமைத்து, மிக்ஸ் செய்து, அவரிடமே போட்டுக் காட்டுங்கள். அதே படத்தை இரண்டு மாதம் கழித்து, பழையதைக் கேட்காமல், நேரம் எடுத்துக்கொண்டு மறுபடி செய்யுங்கள். எது எப்போது செய்தது என்று சொல்லாமல் இரண்டையும் நாலு பேருக்குக் காட்டுங்கள். முதல் வாரத்து இசையையே அவர்கள் தேர்ந்தெடுத்தால் நீங்கள் தொடருக்குப் போகத் தயங்க வேண்டியதே இல்லை.